பெயரிடும் உரிமை: வைகுண்டர் இயக்கமும் திருவிதாங்கூர் அரசும்

1. முன்னுரை

1838ஆம் ஆண்டின் இறுதிக்கும் 1839ஆம் ஆண்டின் தொடக்கத்திற்கும் இடைப்பட்ட மாதங்களில், ஒருவரையொருவர் அறியாத இரு சமயத் தலைவர்கள் இருவேறு கண்டங்களில் சிறைப்பட்டிருந்தனர். ஒருவர் தென் திருவிதாங்கூரில் தோன்றிய அய்யா வைகுண்டர் (1809–1851). திருவனந்தபுரத்துச் சிங்காரத்தோப்புச் சிறையில் 110 நாள் இருந்தார் என இயக்க மரபு கூறும். மற்றவர் அமெரிக்க நாட்டு மார்மன் சமயத்தின் நிறுவுநர் ஜோசப் ஸ்மித் (1805–1844). மிசௌரி மாநிலத்து லிபர்டி என்னும் ஊரின் சிறையில் 1838 டிசம்பர் முதல் 1839 ஏப்ரல் வரை ஏறத்தாழ நான்கு மாதங்கள் அடைபட்டிருந்தார். முன்னவரைப் பின்பற்றியோர் பனைத்தொழிலை நம்பி வாழ்ந்த ஏழை மக்கள். பின்னவரைப் பின்பற்றியோர் குடியேற்ற எல்லையில் நிலம் தேடிய உழவர்கள். இரு கூட்டத்தையும் அரசு ஐயுற்றது. இருவரும் சிறையிலிருந்து வெளிவந்த பின் இரு இயக்கங்களும் முன்னினும் வலுப்பெற்றன.

இவ்வொப்புமை தற்செயலானது. ஆயினும் அதன் வழியே பொதுவான வினா ஒன்று எழுகிறது: அரசுக்கும் சமயக் குழுவொன்றுக்கும் இடையே மோதல் நிகழும்போது மொழி ஆற்றும் பணி யாது? நிலம், வரி, உடை, வழிபாடு ஆகியவை பற்றியே வரலாற்றாசிரியர் பெரும்பாலும் பேசுவர். அவை அனைத்திற்கும் அடியில் 'யாருக்கு யார் பெயரிடுவது' என்னும் வழக்கு ஒன்று ஓடுகிறது என்பதே இக்கட்டுரையின் கருத்து. திருவிதாங்கூரில் நிகழ்ந்ததை முதன்மையாகக் கொண்டும் அமெரிக்க நிகழ்ச்சிகளை ஒப்புநோக்கிற்குத் துணையாகக் கொண்டும் இக்கருத்து இங்கு விளக்கப்படுகிறது. மொழிபெயர்ப்பாளர் எதிர்கொள்ளும் சிக்கல்கள் இறுதிப் பகுதியில் எடுத்துரைக்கப்படும்.

2. எல்லை நிலம்

தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு வட்டங்களும் 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர், திருவிதாங்கூர்–கொச்சி ஆட்சிகளின் கீழ் இருந்தன; இன்று அவை தமிழ்நாட்டின் கன்னியாகுமரி மாவட்டப் பகுதிகள். பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இந்நிலம் பலவகையில் எல்லை நிலமாக இருந்தது. கிழக்கே ஆரல்வாய்மொழிக் கணவாயைக் கடந்தால் ஆங்கிலேயர் நேரடியாக ஆண்ட திருநெல்வேலிச் சீமை. மேற்கே அரசன் பெயரால் ஆளப்பட்ட திருவிதாங்கூர். அவ்வரசுக்கும் மேலாக ஆங்கிலேய ரெசிடென்ட் ஒருவர் இருந்தார். மக்கள் பேசிய மொழி பெரும்பாலும் தமிழ்; அரசாணைகளின் மொழி மலையாளம். தம்பானூர்ப் பேருந்து நிலையத்திலிருந்து நாகர்கோவில் ஏறத்தாழ 70 கிலோமீட்டர்த் தொலைவே எனினும், அந்நாளில் அத்தொலைவு தலைநகரின் மொழிக்கும் குடிகளின் மொழிக்கும் இடைப்பட்ட தொலைவாகவும் இருந்தது.

இந்நிலத்தின் உழைக்கும் மக்கள்மீது தலைவரி முதலான பல வரிகள் சுமத்தப்பட்டிருந்தன. தாலிக்கும் பனையேற்றத்திற்கும்கூட ஆயம் கேட்கப்பட்டமையை இயக்கத்தின் முதன்மை நூலாகிய அகிலத்திரட்டு அம்மானை பட்டியலிட்டுக் கூறுகிறது. வரிக்கு மேலாக 'ஊழியம்' இருந்தது. கூலியின்றி அரசுக்கும் கோயிலுக்கும் செய்ய வேண்டிய கட்டாய உழைப்பே ஊழியம்.

இச்சொல்லின் வரலாறு மொழியியலார் கருதத்தக்கது. அதே காலத்தில், அதே வட்டங்களில், இலண்டன் மிஷன் சங்கத்தார் பரப்பிய கிறித்தவத் தமிழில் 'ஊழியம்' என்பது இறைப்பணியைக் குறித்தது. போதகர் 'ஊழியக்காரர்' எனப்பட்டார். அடுத்தடுத்த வீடுகளில் ஒரே சொல் ஒருவனுக்கு விலங்காகவும் மற்றவனுக்கு விருதாகவும் வழங்கியது. கர்னல் மன்றோ ரெசிடென்டாக இருந்த காலத்தில் (1810–1819) கிறித்தவர்களுக்கு ஞாயிற்றுக்கிழமை ஊழியத்திலிருந்து விலக்களிக்கப்பட்டது. சொல்லின் ஒரு பொருளை ஏற்றவன் மற்றொரு பொருளிலிருந்து ஒரு நாளேனும் விடுபட்டான் எனலாம்.

3. பேச்சின் ஒழுங்கு

திருவிதாங்கூரின் சாதியமைப்பு உடலின் தொலைவை வரையறுத்தவாறே பேச்சின் வடிவத்தையும் வரையறுத்தது. மிஷனரி சாமுவேல் மட்டீர் 1871இல் வெளியிட்ட நூலில், புலையர் மேற்சாதியாரிடம் பேசும்போது பின்பற்ற வேண்டியிருந்த சொல்முறைகளைப் பதிவு செய்துள்ளார். தன்னைச் சுட்டத் தன்மைப் பெயரைப் பயன்படுத்தாமல் 'அடியன்' என்றே கூற வேண்டும். தன் உணவையும் வீட்டையும் பிள்ளைகளையும் இழிவுபடுத்தும் சொற்களால் மட்டுமே குறிக்க வேண்டும். இதனை மரியாதை வழக்கின் ஒரு வகை என்று மட்டும் கொள்ளுதல் பொருந்தாது. மரியாதை வழக்கில் கேட்போன் உயர்த்தப்படுகிறான். இங்கோ பேசுவோன் தன்னைத்தானே தாழ்த்துமாறு இலக்கணம் அமைக்கப்பட்டிருந்தது. தன் வீட்டை வீடென்று சொல்ல இயலாதவன் அதற்கு உரிமை கோருவது எங்ஙனம்?

வைகுண்டரின் இளமை வரலாற்றில் இவ்வொழுங்கு நேரடியாகத் தலையிடுகிறது. இன்றைய சுவாமித்தோப்பில் பிறந்த அவருக்குப் பெற்றோர் இட்ட பெயர் முடிசூடும் பெருமாள். மேற்சாதியார் இதனை எதிர்த்தமையால் பெயர் முத்துக்குட்டி என மாற்றப்பட்டது. இம்மாற்றத்தைச் சொற்கூறு நோக்கில் காண்போம். 'முடி' அரசுரிமையின் அடையாளம். 'பெருமாள்' திருமாலின் பெயர். அதே வேளையில் திருவிதாங்கூர் மன்னர் தாங்கிய 'குலசேகரப் பெருமாள்' என்னும் பட்டத்தின் உறுப்பு. ஆகவே ஏழைச் சிறுவன் ஒருவனின் பெயரில் அரசனின் தலையும் அரசனின் பட்டமும் ஒருங்கே அமைந்திருந்தன. மாற்றாக வந்த பெயரின் ஈறு 'குட்டி'. தமிழிலும் மலையாளத்திலும் சிறுமைப்பொருளும் செல்லப்பொருளும் தரும் இவ்வீறு, பெருமாளின் 'பெரு'வுக்கு நேர் எதிரானது. பெரியது சிறியதாக்கப்பட்டது. மோதலின் முதற்களம் ஒரு பெயர்ச்சொல்லாக இருந்தது என்பது இதனால் விளங்கும்.

4. அவதாரமும் சிறையும்

நோயுற்றிருந்த முத்துக்குட்டி 1833இல் திருச்செந்தூருக்கு அழைத்துச் செல்லப்பட்டார். கடலுள் சென்று மூன்றாம் நாள், கொல்லம் ஆண்டு 1008 மாசி 20 அன்று, வைகுண்டராக வெளிப்பட்டார் என்பது இயக்கத்தாரின் நம்பிக்கை. அதன்பின் சுவாமித்தோப்பில் ஆறாண்டுக் காலம் தவம் மேற்கொண்டார். பல சாதியினரும் அவரை நாடித் திரண்டனர்.

இங்கு ஒரு கருத்தைச் சற்று விரித்துரைத்தல் வேண்டும். 1750இல் மார்த்தாண்ட வர்மா தம் நாட்டைத் திருவனந்தபுரம் பத்மநாபசுவாமிக்கு அர்ப்பணித்தார். அது முதல் திருவிதாங்கூர் மன்னர் 'பத்மநாப தாசர்' என்னும் நிலையிலேயே ஆண்டனர். நாடு இறைவனுடையது, மன்னன் அவன் ஊழியன் என்பதே ஆட்சியின் அடிப்படை. அகிலத்திரட்டு அம்மானையோ, திருமால் திருவரங்கத்தை விட்டுத் திருவனந்தபுரத்திற்கு வந்தார் என்றும், கலியின் கொடுமை கண்டு அதனையும் விட்டுத் திருச்செந்தூர்க் கடலுக்குச் சென்றார் என்றும், அங்கிருந்தே வைகுண்டர் தோன்றினார் என்றும் கதையை அமைக்கிறது. இது பக்திக் கதை மட்டுமன்று. இறைவன் தலைநகரை விட்டு நீங்கிவிட்டான் என்றால் இறைவனின் பெயரால் ஆளும் தாசனின் உரிமை யாதாகும்? படைக்கலம் எதனையும் ஏந்தாத ஓர் இயக்கத்தைக் கண்டு அரசு கலங்கியமைக்கு விளக்கம் இக்கதையமைப்பில் கிடைக்கிறது.

மன்னர் சுவாதித் திருநாள் (ஆட்சி 1829–1846) சுசீந்திரத்திற்கு வந்தபோது, தாழ்ந்த சாதியில் பிறந்த ஒருவர் தம்மைத் திருமாலின் அவதாரம் என்கிறார், மக்களைத் திரட்டுகிறார் என்னும் முறையீடு அவர்முன் வைக்கப்பட்டது என அம்மானை கூறும். கோனார் சாதியைச் சேர்ந்த பூவண்டர் வைகுண்டருக்காகப் பரிந்து பேசியும் பயன் இல்லை. வைகுண்டர் கைதாகித் திருவனந்தபுரத்திற்குக் கொண்டு செல்லப்பட்டார். சிறையில் அவருக்கு நேர்ந்த சோதனைகள், புலிக்கூண்டு உட்பட, அம்மானையில் விரிவாகப் பாடப்பட்டுள்ளன. விடுவிக்கும்போது, தம் சாதியாரோடு மட்டுமே பழகுவதாக எழுதிக் கொடுக்குமாறு அரசு கேட்டது என்றும், வைகுண்டர் அதற்கு இணங்கவில்லை என்றும் இயக்க மரபு உரைக்கிறது. அரசு தேடிய தீர்வும் ஓர் எழுத்துச் சான்றாகவே இருந்தது. அவதாரம் என்பதை மறுக்குமாறுகூட அது கேட்கவில்லை. சாதியின் எல்லையை எழுத்தால் ஒப்புக்கொண்டால் போதும் எனக் கருதியது.

5. இயக்கத்தின் சொற்கோவை

வைகுண்டரின் சீடர் அரிகோபாலன் சீடர், கொல்லம் ஆண்டு 1016இல் (1840–41) அகிலத்திரட்டு அம்மானையை ஏட்டில் எழுதினார் என்பது மரபு. 15,000க்கு மேற்பட்ட அடிகளைக் கொண்ட இந்நூல் 1939இல் அச்சேறியது. அதுவரை ஏட்டிலும் வாய்மொழியிலும் வழங்கியது. இன்றும் கார்த்திகை மாதத்தில் சுவாமித்தோப்பில் 17 நாள் திருஏடு வாசிப்பு விழா நடைபெறுகிறது. அம்மானை, நாட்டு மக்கள் கேட்டுப் பழகிய இலக்கிய வகை. விருத்தமும் நடையும் மாறிவர, தென்குமரிப் பேச்சு வழக்கு இடையிடையே தலைகாட்ட, நூல் இயங்குகிறது. இந்நூலிலும் இயக்க வழக்கிலும் காணப்படும் சில சொற்களை இங்குக் காண்போம்.

5.1 நீசன்: 'நீச' என்னும் வடசொல் தாழ்ந்ததைக் குறிப்பது. சோதிடத்தில் உச்சத்திற்கு எதிர் நீசம். சமூக வழக்கில் மேற்சாதியார் பிறரை இகழப் பயன்படுத்திய சொல் இது. அகிலத்திரட்டு இதனை அரசன்மீது திருப்புகிறது. திருவிதாங்கூர் மன்னன் 'கலிநீசன்', ஆங்கிலேயன் 'வெண்ணீசன்'. இவ்விரு தொகைச் சொற்களின் அமைப்பு நோக்கத்தக்கது. இரண்டிலும் தலைச்சொல் நீசன் என்பதே. அடையாக ஒன்றில் காலமும் மற்றொன்றில் நிறமும் வருகின்றன. அடை மாறினும் தலை மாறவில்லை. எனவே நீசத்தன்மை பிறப்பாலோ நாட்டாலோ வருவதன்று, குடிகளை ஒடுக்கும் செயலால் வருவது என்னும் வரையறை சொல்லாக்கத்திலேயே அமைந்துவிடுகிறது. உள்நாட்டு அரசை எதிர்ப்போர் அயலாரை நாடுவதும், அயலாரை எதிர்ப்போர் உள்நாட்டு அரசைப் போற்றுவதும் அக்கால இயல்பு. இவ்விரு வழியையும் ஒரு சொல்லாலேயே இந்நூல் அடைத்துவிட்டது.

5.2 சான்றோர்: அரசு ஆவணங்களும் ஆங்கிலேயரும் 'சாணார்' என எழுதிய மக்களை அம்மானை 'சான்றோர்' என்கிறது. பழந்தமிழில் சான்றோர் என்பது நிறைந்த பண்பும் வீரமும் உடையோரைக் குறித்த சொல். ஒலியியல் நோக்கில் சான்றார் > சாணார் என்னும் திரிபு இயலக்கூடியதே. பேச்சுத் தமிழில் ஒன்று > ஒண்ணு எனவும், நெடிலை அடுத்து மூன்று > மூணு எனவும் வருவதை ஒப்பிடலாம். ஒலித்திரிபு இயலும் என்பது வரலாறு அவ்வாறே நிகழ்ந்தது என்பதற்குச் சான்றாகாது. ஆயினும் இங்கு நமக்கு வேண்டுவது சொற்பிறப்பின் மெய்ம்மை அன்று, அதன் பயன்பாடு. தேய்ந்த வடிவத்தைப் பிறர் தம்மீது சுமத்தினர், முழுவடிவம் தமக்குரியது என்று கோருவதன் வாயிலாக அம்மக்கள் தம் வரலாற்றையே மீட்டுக்கொண்டனர். 1921இல் சென்னை அரசு 'சாணார்' என்பதனை விடுத்து 'நாடார்' என்று எழுத ஆணையிட்டமை, வேறொரு வழியில் நடந்த இதே போராட்டத்தின் விளைவாகும்.

5.3 தர்மம்: கார்த்திகைத் திருநாள் இராமவர்மா (ஆட்சி 1758–1798) 'தர்மராஜா' என்றே அழைக்கப்பட்டார். சாதி ஒழுக்கத்தைக் காப்பதே அரசின் தர்மம் எனக் கருதப்பட்டது. வைகுண்டர் இயக்கத்திலோ தர்மம் என்பது தாழ்த்தப்பட்டோரைக் கைதூக்கி விடுதல். வரப்போகும் ஆட்சி 'தர்மயுகம்'. அன்னம் பகிர்வதும் தர்மமே. ஒரே சொல் அரண்மனையில் வேலியாகவும் சுவாமித்தோப்பில் வாயிலாகவும் நின்றது.

5.4 இடப்பெயர்கள்: இயக்கத்தின் முதன்மை வழிபாட்டிடங்கள் 'பதி' எனவும், சிற்றூர்களில் உள்ளவை 'நிழல் தாங்கல்' எனவும் வழங்குகின்றன. கோயில் என்பது கோ+இல், அரசனின் இல்லம். அச்சொல்லைத் தவிர்த்து, உறைவிடம் என்று பொருள்படும் பதியையும், வழிநடந்தோர் ஒதுங்கும் நிழலையும் தேர்ந்தமை பொருள் பொதிந்தது. கோயிலுக்குள் நுழைய உரிமை மறுக்கப்பட்டோர், அவ்வுரிமைக்காகக் காத்திராமல் வேறொரு சொல்லால் வேறோர் இடத்தைப் படைத்துக்கொண்டனர். எல்லாச் சாதியாரும் ஒன்றாக நீராடும் 'முத்திரிக் கிணறு' இதனோடு எண்ணத்தக்கது. சமய வழியின் பெயரும் இவ்வாறே அமைந்தது. தலைவரை விளிக்கும் 'அய்யா' என்பதும் 'வழி' என்பதும் சேர்ந்து 'அய்யாவழி' ஆயிற்று.

5.5 துவையல் தவசு: வாகைப்பதியில் ஏறத்தாழ 700 குடும்பத்தினர் மேற்கொண்ட கூட்டுத் தவம் இப்பெயர் பெற்றது. நாள்தோறும் உடை துவைத்து நீராடிப் புலால் விலக்கி வாழ்தல் இதன் நெறி. 'தவசு' வடமொழி வழியது; 'துவை' அன்றாடத் தமிழ்வினை. முனிவருக்குரியது எனப்பட்ட தவம், துணி துவைக்கும் செயலோடு இணைக்கப்பட்டது. தூய்மை பிறப்பில் வருவது என்ற கொள்கைக்கு, தூய்மை உழைப்பால் வருவது என்பது விடையாயிற்று.

6. ஆணையின் இலக்கணம்

இம்மோதலில் மூன்றாம் தரப்பும் உண்டு. இலண்டன் மிஷன் சங்கத்தார் இதே மக்களிடையே பணியாற்றினர். ஜேம்ஸ் டவுன் எனப்பட்ட சந்தபுரம் வட்டாரத்து மிஷன் அறிக்கைகள் வைகுண்டரைத் தம் பணிக்கு இடையூறாகவே காண்கின்றன. இயக்கத்தார் ஏற்ற பெயரை விடுத்து முத்துக்குட்டி என்றே எழுதுகின்றன. மேற்சாதியார் சுமத்திய பெயரை, அவர்களை எதிர்த்த மிஷனரிமாரும் தம்மையறியாமல் நிலைநிறுத்தினர்.

உடை பற்றிய தோள்சீலைப் பூசல்கள் 1820களிலும் 1858–59இலும் நிகழ்ந்தன. அவை தொடர்பான அரசாணைகளை மொழிநோக்கில் பார்க்கும்போது ஓர் அமைப்பு புலனாகிறது. 1829 பிப்ரவரியில் ராணி கௌரி பார்வதி பாய் வெளியிட்ட ஆணை, கிறித்தவப் பெண்கள் குப்பாயம் அணியலாம், மேற்சாதிப் பெண்களைப் போல மேல்துணி அணிதல் கூடாது என்றது. சென்னை ஆளுநர் ட்ரெவலியனின் அழுத்தத்திற்குப் பின் 1859 ஜூலை 26இல் உத்திராடம் திருநாள் மன்னர் வெளியிட்ட ஆணை ஒருபடி முன்னேறியது. சாணார்ப் பெண்கள் கிறித்தவப் பெண்களைப் போலக் குப்பாயம் அணியலாம். முக்குவப் பெண்களைப் போல முரட்டுத் துணி கட்டலாம். வேறெவ்வகையிலும் மார்பை மறைக்கலாம். ஆனால் மேற்சாதிப் பெண்களைப் போல மட்டும் கூடாது என்பது அதன் சாரம்.

இரண்டு ஆணைகளிலும் சட்டத்தின் சுமை முழுவதும் 'போல' என்னும் உவமப்பொருள்மீது நிற்பதைக் காணலாம். மானம் காத்தலை 1859 ஆணை தடுக்கவில்லை. ஒத்துத் தோன்றுதலையே தடுக்கிறது. அரசு காத்தது துணியை அன்று, குறியை. உடையை ஒரு சொல்லாகக் கொண்டால், ஒரு சாதிக்குரிய சொல்லை மற்றொரு சாதி பேசக் கூடாது என்பதே ஆணையின் பொருள். வைகுண்டர் தம் வழியினர் தலைப்பாகை அணிந்து வழிபட வேண்டும் என்று வகுத்தமையை இப்பின்னணியில் மதிப்பிட வேண்டும். முடிசூடும் பெருமாள் என்ற பெயரைப் பறித்தோர் முன்னே, வழிபட வந்த ஆடவர் அனைவரும் தலையில் துணிமுடி தாங்கி நின்றனர். ஒருவருக்கு மறுக்கப்பட்டது எல்லோருக்கும் உரியதாயிற்று.

7. ஒப்புநோக்கு: மிசௌரியும் யூட்டாவும்

அமெரிக்காவில் மார்மன் குடியேறிகளுக்கும் அரசுக்கும் நிகழ்ந்த மோதலிலும் பெயர்வழக்கு தொடர்ந்து வருகிறது. 1838 அக்டோபர் 27இல் மிசௌரி ஆளுநர் பாக்ஸ் பிறப்பித்த ஆணை, மார்மன் மக்களை மாநிலத்தைவிட்டு விரட்டவோ ஒழித்துவிடவோ வேண்டும் என்றது. அதில் வரும் 'எக்ஸ்டெர்மினேட்' என்னும் வினையின் இலத்தீன் மூலத்தில் எல்லைக்கு அப்பால் துரத்துதல் என்ற பொருள் உண்டு. அச்சொல்லுக்கு ஆணையில் எப்பொருள் கொள்வது என்பது பற்றி வாதம் நடந்துள்ளது. அவ்வாணை 1976இல்தான் முறைப்படி நீக்கப்பட்டது.

ஸ்மித் 1844இல் கொல்லப்பட்ட பின் பிரிகம் யங் தலைமையில் மார்மன் மக்கள் மேற்கே சென்று 1847இல் உப்பேரிப் பள்ளத்தாக்கை அடைந்தனர். 1849இல் தம் நாட்டிற்கு அவர்கள் கோரிய பெயர் 'டெசரெட்'. மார்மன் நூலில் தேனீ என்று பொருள்தரும் சொல் அது. அமெரிக்கப் பேரவை அதனை ஏற்காமல், யூட் என்னும் பழங்குடியின் பெயரால் 1850இல் 'யூட்டா' ஆட்சிப்பகுதியை அமைத்தது. அதன்பின் 1850களில் டெசரெட் என்ற பெயரிலேயே ஆங்கிலத்தை ஒலிப்படி எழுத 38 குறிகள் கொண்ட புதிய எழுத்துமுறையை மார்மன் தலைவர்கள் உருவாக்கினர். வரைபடத்தில் மறுக்கப்பட்ட பெயர் நெடுங்கணக்கில் இடம்பெற்றது. அவ்வெழுத்தில் 1868–69இல் சில நூல்கள் அச்சேறின, பின்னர் வழக்கொழிந்தது.

1857இல் குடியரசுத் தலைவர் புக்கேனன், யூட்டா கிளர்ச்சி நிலையில் உள்ளது எனக் கருதி, யங்குக்கு மாற்றாக ஆல்பிரட் கம்மிங்கை ஆளுநராக்கி ஏறத்தாழ 2,500 படைவீரரை அனுப்பினார். அரசு 'கிளர்ச்சி' என்றதனை யங் 'படையெடுப்பு' என்று அறிக்கையிட்டார். படைக்குரிய உணவு வண்டிகள் எரிக்கப்பட்டன. அதே ஆண்டு செப்டம்பரில் மவுன்டன் மெடோஸ் என்னுமிடத்தில் வழிப்போக்கராக வந்த குடியேறிகள் ஏறத்தாழ 120 பேரை மார்மன் படையினர் கொன்றனர். 1858இல் தாமஸ் கேன் இடைநின்று பேசியபின் மன்னிப்பு அறிவிக்கப்பட்டது. பலதார மணத்தைப் பற்றிய பூசல் மட்டும் 1890 வரை நீடித்தது. 1896இல் யூட்டா மாநிலமாயிற்று.

இரு வரலாற்றுக்கும் உள்ள வேறுபாடு பெரிது. மார்மன் மக்களிடம் நிலமும் படையும் இருந்தன. தாம் அஞ்சிய அரசின் கொடுமையைத் தாமே பிறர்மீது இழைக்கவும் அவர்களால் இயன்றது. மேலும், அவர்கள் குடியேறிய நிலத்திற்கு முன்னரே உரியவர் இருந்தனர். வைகுண்டரைப் பின்பற்றியோரிடம் இவை எவையும் இல்லை. சொற்களும் சடங்குகளுமே அவர்தம் கருவிகள். பெயர்வழக்கு மோதலின் ஓர் உறுப்பாக யூட்டாவில் இருந்தது. தென் திருவிதாங்கூரில் அதுவே மோதலின் பெரும்பகுதியாக அமைந்தது. இயக்கத்தின் சொற்கள் இன்றும் உயிர்ப்புடன் வழங்குவதற்கு இது ஒரு காரணமாகலாம்.

8. மொழிபெயர்ப்பாளர்க்கு எழும் சிக்கல்கள்

மேற்கண்ட சொற்கள் பிறமொழிகளில் பெயர்க்கப்படும்போது மூவகை இழப்பு நேர்கிறது.

முதலாவது, திசை இழப்பு. நீசன் என்பதனை 'அரக்கன்', 'கொடுங்கோலன்' என்னும் பொருள்படும் சொற்களால் பெயர்த்தால் வசை எஞ்சும், தலைகீழாக்கம் மறையும். தாழ்ந்தோன் என்னும் பொருள் கெடாமல் நின்றால்தான் அரசனைத் தாழ்ந்தோன் என்றமையின் துணிவு புலப்படும். வழங்குமொழியில் சாதி இழிவைக் குறிக்கும் சொல் இருப்பின் அதனையே ஆளலாம்; இல்லையேல் மூலச்சொல்லை நிறுத்தி முதல் வரவில் விளக்குதல் நன்று.

இரண்டாவது, பல்பொருள் இழப்பு. தர்மம், ஊழியம், பதி ஆகியவை ஒரே நூலில் இடத்திற்கேற்ப வெவ்வேறு சொற்களால் பெயர்க்கப்படுவது இயல்பு. வாசிப்பு எளிதாகும், ஆயினும் ஒரே சொல்லுக்காக இரு தரப்பும் போரிட்டமை தெரியாமற்போகும். துவையல் போன்ற சொற்களில் வேறுவகை இடர் உண்டு. உணவுப்பொருளின் பெயராகவே அதனை அறிந்த இன்றைய வாசகருக்குத் தமிழிலேயே விளக்கம் தேவைப்படும்.

மூன்றாவது, சார்பு இழப்பு. மார்மன் நூல்களில் தம்மவர் அல்லாத அனைவரையும் குறித்த 'ஜென்டைல்' என்பதற்குத் தமிழ் விவிலிய வழக்கைப் பின்பற்றிப் 'புறஜாதியார்' என எழுதினால், மூலத்தில் இல்லாத சாதிப்பொருள் வந்து சேரும். 'புறத்தார்' என்பது ஏற்புடையது. அவ்வாறே 1838 மிசௌரி ஆணையைப் பெயர்ப்பவர் 'ஒழித்தல்' என்பதா, 'எல்லை கடத்தல்' என்பதா என முடிவு செய்யும்போது ஒரு வரலாற்று வழக்கில் தீர்ப்பும் எழுதிவிடுகிறார். இரு பொருளையும் தாங்கும் சொல்லை நாடுதலே தக்கது. 'இல்லாமற்செய்தல்' என்பது ஓரளவு பொருந்தும்.

பெயர்ச்சொற்களுக்கும் இது பொருந்தும். ஒரே மனிதரை முத்துக்குட்டி என்பதும் வைகுண்டர் என்பதும் நடுநிலையான மாற்றுவழக்குகள் அல்ல. மூல ஆவணம் எப்பெயரை ஆள்கிறதோ அதனைக் காத்து, அப்பெயரை இட்டவர் யார் என்பதனையும் உரையுள் உணர்த்துதல் மொழிபெயர்ப்பாளரின் கடமையாகும்.

9. முடிவுரை

அரசுக்கும் சமயக் குழுவுக்கும் இடையிலான மோதலில் தண்டனையும் மன்னிப்பும் ஆவணங்களில் தங்கிவிடுகின்றன. பெயர்கள் பற்றிய வழக்கு அத்துணை எளிதில் முடிவதில்லை. மார்மன் என்ற பெயரை விடுத்து இயேசு கிறிஸ்துவின் பிற்காலப் புனிதர் சபை என்னும் முழுப்பெயரை வழங்குமாறு அச்சபையின் அப்போதைய தலைவர் 2018இல் கேட்டுக்கொண்டார். அய்யாவழி தனிச்சமயமா, இந்து சமயத்தின் பிரிவா என்னும் வினா இன்றும் எழுப்பப்படுகிறது. அரசின் கணக்கெடுப்பில் அதற்குத் தனியிடம் இல்லை. பெயரைத் தருபவர் யார் என்பதே இரண்டிடத்தும் உள்ள வினா.

மாசி 20ஐ ஒட்டி ஆண்டுதோறும் திருவனந்தபுரத்திலிருந்தும் திருச்செந்தூரிலிருந்தும் இரு பேரணிகள் புறப்பட்டு நாகர்கோவிலில் கூடிச் சுவாமித்தோப்பை அடைகின்றன. ஒன்று கடலிலிருந்து எழுந்தமையையும் மற்றொன்று சிறையிலிருந்து மீண்டமையையும் நினைவூட்டுகிறது. தலைநகரின் ஆவணங்களில் சிங்காரத்தோப்பு குற்றவாளி ஒருவர் அடைபட்ட இடமாக இருந்திருக்கலாம். அதனை ஒரு பயணத்தின் தொடக்கமாக இவ்வியக்கம் மாற்றிக்கொண்டது. அரசு இட்ட பெயரை அழிக்க இயலாதபோதும் அதன் பொருளை மாற்ற இயலும் என்பதற்கு மொழி வரலாறு தரும் சான்றுகளுள் இது ஒன்று.